மார்க்கருக்குப் பாயிண்ட் கிடையாது

“பந்து நெட்லதானே வுழுந்துச்சு? அப்ப உனக்குத்தானே பாயிண்ட்டு?”

“மார்க்கருக்குப் பாயிண்ட் கிடையாது பாப்பா.”

“ஏன்?”

“அவரு ஆடுறாரு. நான் ஆட வைக்கிறேன். ரெண்டும் வேற.”

“அதுக்கு இன்னாத்துக்கு ‘ஒன் மோர் சார்’னு சொல்ற?”

ஞானமுத்து கையிலிருந்த பந்தைச் சட்டையில் தேய்த்து மண்ணைத் துடைத்தார். “அந்தப் பந்தை ஆடவே இல்லன்னு அர்த்தம். அவரு தப்பும் பண்ணல, நான் ஜெயிக்கவும் இல்ல. மறுபடியும் முதல்லேர்ந்து.”

“நெஜமா ஆடினா நீ ஜெயிப்பியாப்பா?”

பன்னிரண்டு வயது ஃபீபி கோர்ட்டின் ஓரத்தில் நிறுத்தியிருந்த இரும்பு ரோலரின் மேல் உட்கார்ந்து கால்களை ஆட்டிக்கொண்டு கேட்டாள். அப்பா சிரிப்பார் என்று நினைத்தாள். அவர் சிரிக்கவில்லை. கிளப் கட்டடத்துப் பக்கம் ஒரு தடவை பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

“தெரியலையே. அதைத் தெரிஞ்சிக்கத்தான் ஒருநாள் அவர்கிட்ட கேக்கணும். ‘என்கூட ஒரு செட் எண்ணி ஆடுங்க சார்’னு.”

“எப்பப்பா கேப்ப?”

“கேப்பேன். சமயம் வரட்டும்.”

இருபது வருஷம் ஆகிவிட்டது. சமயம் வரவில்லை. வேலூரிலிருந்து ஆம்பூர் போகும் பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்த ஃபீபிக்கு அந்தப் பேச்சு ஒரு வார்த்தை பிசகாமல் ஞாபகம் வந்தது. வராமல் எப்படி இருக்கும்? இன்று சனிக்கிழமை. திங்கட்கிழமை காலை ஏழு மணிக்கு அப்பாவை ஆஸ்பத்திரியில் சேர்க்க வேண்டும். வலது முட்டியை எடுத்துவிட்டு வேறு வைக்கப் போகிறார்கள்.

மார்க்கர் என்றால் இப்போது பலருக்குத் தெரியாது. வெள்ளைக்காரர்கள் தொடங்கிய கிளப்புகளில், டென்னிஸ் ஆட ஜோடி கிடைக்காத உறுப்பினருக்கு எதிரே நின்று பந்து போடுவதற்கென்று சம்பளத்துக்கு ஓர் ஆள் வைத்திருப்பார்கள். அவர்தான் மார்க்கர். காலையில் கோர்ட்டுக்குத் தண்ணீர் தெளித்து, ரோலர் இழுத்து, சுண்ணாம்புக் கோடு போட்டு, வலை கட்டுவார். உறுப்பினர்கள் தங்களுக்குள் ஆடும்போது ஸ்கோரை உரக்கச் சொல்வார். ஆனால் மார்க்கரே மட்டையைப் பிடித்து நின்றால் அங்கே ஸ்கோர் கிடையாது. அவருக்கு எதிராக யாரும் தோற்க முடியாது.

பாலாறு கிளப்பில் ஞானமுத்து முப்பத்து நான்கு வருஷமாக மார்க்கர். அதற்கு முன்பு அவர் ஆடியிருக்கிறார். எண்ணி ஆடியிருக்கிறார். இருபத்து மூன்றாவது வயதில் ஜில்லா போட்டியில் கடைசி ஆட்டம் வரை போனவர். சம்பளத்துக்குப் பந்து போட வந்த பிறகு எந்தப் போட்டியிலும் அவர் பெயரை எழுதிக்கொள்ளவில்லை. கூலிக்கு ஆடுகிறவன் என்று சொல்லிவிட்டார்கள். அப்பாவைவிட நன்றாக ஆடுகிறவர் அந்தக் கிளப்பில் யாரும் இல்லை என்பது ஃபீபிக்குச் சின்ன வயதிலேயே தெரியும். அப்பாவுக்கு மட்டும்தான் அது உறுதியாகத் தெரியாது.

“இன்னா யோசனை?” என்றான் பக்கத்தில் இருந்த நத்தானியேல். அவளுடைய கணவன், அதே ஆஸ்பத்திரியில் பிசியோதெரபிஸ்ட். மாமனாரின் முட்டியைப் பற்றி மாமனாரைவிட அதிகம் தெரிந்தவன்.

“நாளைக்கு அந்தக் கோர்ட்டு மேலேயே ஷாமியானா போட்டு விருந்தாம். அப்ப இன்னைக்கு ஒருநாள்தான்.”

“அவரு கேக்கணுமே.”

“அதான் யோசனை.”

கிளப்புக்கு இந்த மாதம் நூற்றிருபத்தைந்து வயது. இன்று மாலை நடக்கும் விழாவில் கிளப்பின் சரித்திரத்தைப் பத்து நிமிஷம் பேச ஃபீபியைத்தான் கூப்பிட்டிருந்தார்கள். கல்லூரியில் அவள் சரித்திரம் நடத்துகிறாள். பிரிட்டிஷ்காரர்கள் விளையாட்டைக் கொண்டு மனிதர்களை எப்படிப் பிரித்தார்கள் என்பதுதான் அவளுடைய ஆராய்ச்சி. அந்த ஆராய்ச்சிக்காகக் கிளப்பின் பழைய நடவடிக்கைப் புத்தகங்களைப் புரட்டியபோது கிடைத்த ஒரு பக்கத்தின் நகல் அவள் கைப்பையில் இருந்தது. பதினேழாவது விதி. விளையாட்டுக்குச் சம்பளம் வாங்குகிறவரும், கையால் வேலை செய்து பிழைக்கிறவரும் கிளப்பின் எந்தப் போட்டியிலும் சேரக் கூடாது.

கிளப்புக்குப் பின்னால், வேலியை ஒட்டி மார்க்கர் குடியிருப்பு. உள்ளே அப்பா நாற்காலியில் காலை நீட்டி உட்கார்ந்திருந்தார். அம்மா மெர்சி அவருடைய சட்டைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். வெள்ளைச் சட்டை, பச்சைக் காலர். உறுப்பினர்கள் முழு வெள்ளை போடுவார்கள். தூரத்திலிருந்து பார்த்தாலும் யார் யாரென்று தெரிய வேண்டும் என்பதற்காக மார்க்கருக்கு மட்டும் காலர் பச்சை.

நத்தானியேல் கீழே உட்கார்ந்து முட்டிக்குப் பட்டை கட்டத் தொடங்கினான்.

“மடக்குங்க மாமா. வலிக்குதா?”

“வலி கிடக்குது. நிக்குமா?”

“நிக்கும். குறுக்க ஓடாதீங்க.”

“எவ்ளோ நேரம் நிக்கும்?”

நத்தானியேல் நிமிர்ந்து ஃபீபியைப் பார்த்தான். பிறகு சொன்னான்: “அரை மணி. மிஞ்சினா முக்கால்.”

“ஒரு செட்டு,” என்றார் ஞானமுத்து, யாருக்கும் சொல்லாத மாதிரி.

“திங்கக்கிழமைக்கு அப்புறம் நல்லா நடக்கலாம் மாமா. படி ஏறலாம். நின்ன எடத்துலேர்ந்து பந்து போடலாம். ஆனா ஓடி ஆடுறது...”

“வேணாம்னு சொல்லுவாங்க. தெரியும்.”

அம்மா இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தாள். “இன்னைக்காவது கேக்குறாரா, இல்ல இன்னொரு ஓடு வாங்கினு வர்றாரான்னு பாக்கலாம்.”

நத்தானியேலுக்குப் புரியவில்லை. ஃபீபிக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

“உங்களுக்குத் தெரியாதா? இவரு கிளப் தலைவரு லியாகத் அலி சார்கிட்ட மூணு தடவை கேக்கப் போயிருக்காரு. ரூம் வாசல் வரைக்கும் போவாரு, உள்ள போவாரு. சாரு ‘இன்னா ஞானம், வீட்ல ரிப்பேரா?’ம்பாரு. இவரு ‘ஆமா சார், கூரை ஒழுகுது’ம்பாரு. மூணு தடவையும் ஆள் அனுப்பி ஓடு மாத்திட்டாங்க.”

“நல்ல கூரை,” என்றாள் அம்மா. “இந்த லைன்ல எங்க வீடு மட்டும்தான் ஒழுகாது. உங்க மாமாவுக்குத் தைரியம் இருந்திருந்தா நாங்க மழையில நனைஞ்சிருப்போம்.”

அப்பாவும் சிரித்தார். ஆனால் சிரிப்பு சீக்கிரம் நின்றுவிட்டது. ஃபீபி பையைத் திறந்து அந்த நகலை எடுத்தாள்.

“அப்பா, இன்னைக்குப் பத்து நிமிஷம் மைக்கு என் கையில இருக்கு. நான் இதைப் படிக்கிறேன். படிச்சுட்டு, எங்கப்பாகூட யாராவது எண்ணி ஆடுங்கன்னு கேக்குறேன். நூத்துக்கணக்கான பேரு முன்னாடி முடியாதுன்னு சொல்லுவாங்களா?”

“உள்ள வை.”

“ஏம்ப்பா?”

“நீ கேட்டா குடுப்பாங்க. கைதட்டிக் குடுப்பாங்க. போட்டோ எடுப்பாங்க. அப்ப அது விழா, ஆட்டம் இல்ல.” அவர் காலை மெதுவாகத் தரையில் ஊன்றினார். “நான் கேக்கணும். அவரு ஒத்துக்கணும். அப்பதான் ஆட்டம். சத்தியம் பண்ணு, நீ கேக்க மாட்டேன்னு.”

ஃபீபி அம்மாவைப் பார்த்தாள். அம்மா சட்டையைத் திருப்பிப் போட்டாள்.

“பண்ணு. ஆறு மாசம் இந்த வீட்லயே இருந்துக்கோங்கன்னு செக்ரட்டரி வாயால சொல்லியிருக்காரு. வாயாலதான். காயிதம் ஒண்ணும் இல்ல. கால்ல கட்டு போட்டுனு நாங்க எங்க போய் வீடு தேடுறது?”

ஃபீபி அப்பாவின் கையில் அடித்துச் சத்தியம் செய்தாள். அந்தக் கை மட்டையின் பிடி மாதிரி வறண்டு கெட்டியாக இருந்தது.

நான்கு மணிக்குக் கூட்டம் தொடங்கியது. புல்வெளியில் நாற்காலி போட்டிருந்தார்கள். அதற்கு எதிரிலேயே கோர்ட். காலையில் அப்பா போட்ட சுண்ணாம்புக் கோடு வெயிலில் கண்ணைக் கூச வைத்தது. தோல் பதனிடும் தொழிற்சாலைகளின் வாசம் காற்று திரும்பும்போதெல்லாம் வந்து போனது. அங்கே யாரும் அதைக் கவனிக்கவில்லை. அங்கிருந்த பாதிப் பேரின் வாழ்க்கையே அந்த வாசம்தான்.

தலைவர் லியாகத் அலி முதலில் பேசினார். அறுபத்தாறு வயது. உயரமான, நல்ல மனசுள்ள மனிதர். ஃபீபியின் கல்யாணத்துக்குக் குடும்பத்தோடு வந்து கடைசிப் பந்தி வரை நின்றவர். இருபத்தெட்டு வருஷமாக வாரத்தில் நான்கு நாள், காலை ஆறு மணிக்கு அப்பாவோடு ஆடுகிறவர்.

“எங்க தாத்தா இந்தக் கிளப்புக்குள்ள வந்ததே இல்ல,” என்று ஆரம்பித்தார். “அதோ அந்தக் கேட்டுக்கு வெளியில நின்னிருக்காரு. தோல் வாங்குற வெள்ளைக்கார மேனேஜர்கிட்ட ஒரு கையெழுத்து வாங்கணும். மேனேஜர் டென்னிஸ் ஆடினு இருந்தாரு. ரெண்டு மணி நேரம் வெயில்ல நின்னாரு எங்க தாத்தா. ‘அந்தக் கோர்ட்டுக் கோடு எவ்ளோ வெள்ளையா இருந்துச்சு தெரியுமா’ன்னு சாகுற வரைக்கும் சொல்லினு இருந்தாரு. இன்னைக்கு அவரு பேரன் அதே கோர்ட்ல ஆடுறான்!”

கைதட்டல் எழுந்தது. லியாகத் அலியின் கண் கலங்கியிருந்தது. அது நடிப்பில்லை என்று ஃபீபிக்குத் தெரியும். அவள் அப்பாவைத் தேடினாள். அப்பா ரோலருக்குப் பக்கத்தில் நின்றிருந்தார். அவருக்கு நாற்காலி போடவில்லை. போட வேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை.

அவள் முறை வந்தது. மைக்கின் முன்னால் நின்று, இங்கிலாந்தில் கிரிக்கெட் ஆடிய கதையைச் சொன்னாள். ஒரே அணிக்காக ஆடுவார்கள். ஆனால் சம்பளம் வாங்கி ஆடுகிறவர்கள் மைதானத்துக்குள் வர ஒரு வாசல், சம்பளம் வாங்காத கனவான்கள் வர இன்னொரு வாசல். ஸ்கோர் அட்டையில் கனவானுக்கு இனிஷியல் பெயருக்கு முன்னால். கூலிக்காரனுக்குப் பெயருக்குப் பின்னால். ஒரு தடவை அச்சடித்ததில் ஒருவருக்கு இனிஷியல் இடம் மாறிவிட்டது என்று ஒலிபெருக்கியில் அறிவித்துத் திருத்தினார்கள்.

கூட்டம் சிரித்தது.

“படகுப் போட்டியில கையால வேலை செய்யுறவங்களையே சேர்க்க மாட்டாங்க. தச்சர், கொல்லர், கூலியாள் யாரும் கூடாது. ஏன்னா அவங்க உடம்பு வேலை செஞ்சு உறுதியா இருக்கும். கனவான்கள் தோத்துடுவாங்களேன்னு ஒரு பயம். தோக்கக் கூடாதவங்களைக் காப்பாத்துறதுக்குத்தான் விதியே.”

இன்னும் பெரிதாகச் சிரித்தார்கள். செயலாளர் நவநீதன் பக்கத்து நாற்காலிக்காரரின் தொடையில் தட்டிச் சிரித்தார்.

“டென்னிஸ்லயும் அப்படித்தான். பணத்துக்கு ஆடுறவங்களுக்கு விம்பிள்டன் கதவு மூடியே இருந்துச்சு. ஆயிரத்துத் தொள்ளாயிரத்து அறுபத்தெட்டுல அந்த விம்பிள்டனே கதவைத் திறந்து விட்டுடுச்சு...”

அடுத்த வாக்கியம் அவள் நாக்கு நுனியில் நின்றது. ஆனால் ஆம்பூர் இன்னும் திறக்கவில்லை. மடித்த காகிதம் உள்ளங்கையில் வேர்வையில் நனைந்துகொண்டிருந்தது. பிரித்தால் போதும். வெள்ளைக்காரன் போனதும், இந்தியர்கள் கூடாது என்ற விதியை அடித்துவிட்டார்கள். பதினேழாவது விதியை மட்டும் ஒருவரும் தொடவில்லை. இத்தனை நேரம் சிரித்தவர்கள் எப்படிச் சிரிக்கிறார்கள் என்று பார்த்துவிடலாம்.

அவள் நிமிர்ந்தாள். ரோலரின் பக்கத்தில் அப்பா மிக லேசாகத் தலையை அசைத்தார்.

“...நன்றி,” என்று சொல்லிவிட்டு இறங்கினாள்.

“பிரமாதம் மேடம்,” என்றார் நவநீதன். “என்னா ஜனங்கப்பா! ஒரே டீம்ல ரெண்டு வாசலாம்!”

ஃபீபி அம்மாவுக்கும் நத்தானியேலுக்கும் நடுவில் போய் உட்கார்ந்தாள். நத்தானியேல் அவளுடைய விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்து, கசங்கிய காகிதத்தை எடுத்துத் தன் சட்டைப் பையில் வைத்துக்கொண்டான்.

“மணி நாலு அம்பது,” என்றான். “ஆறு மணிக்கெல்லாம் இருட்டிடும்.”

அடுத்து ஒரு காட்சி ஆட்டம். லியாகத் அலியும் சென்னையில் இருக்கும் இன்னொரு கிளப்பின் தலைவரும் ஆடுவதாக இருந்தது. சென்னைக்காரர் வந்த கார் சுங்கச்சாவடிக்கு அந்தப் பக்கம் நெரிசலில் நிற்பதாகப் போன் வந்தது. நவநீதன் கடிகாரத்தைப் பார்த்தார், போட்டோக்காரர்களைப் பார்த்தார், பிறகு கையைத் தட்டினார்.

“மார்க்கர்! சார்கூட கொஞ்ச நேரம் போடு. அவரு வர்ற வரைக்கும்.”

ஞானமுத்து மட்டையை எடுத்துக்கொண்டு வேலிப் பக்கத்துச் சந்து வழியாகக் கோர்ட்டுக்குள் போனார். லியாகத் அலி முன்வாசல் வழியாக வந்தார். பக்கத்திலிருந்த அம்மாவின் மூச்சு ஃபீபிக்குக் கேட்டது.

முதல் பத்து நிமிஷம் எப்போதும்போல் போயிற்று. அப்பா ஓடவில்லை. ஓட வேண்டிய அவசியம் வராதபடி பந்தைப் போட்டார். லியாகத் அலியின் வலது இடுப்புக்கு நேராக, நல்ல உயரத்தில், அடிக்கச் சுகமாக ஒவ்வொரு பந்தும் போய் இறங்கியது. அவர் ஓங்கி அடித்தார். கூட்டம் கை தட்டியது. பந்து கோட்டுக்கு வெளியே போனால் அப்பா சொன்னார்: “ஒன் மோர் சார்.” வலையில் விழுந்தால் சொன்னார்: “ஒன் மோர் சார்.”

ஃபீபி எண்ணிக்கொண்டிருந்தாள். சின்ன வயதில் ரோலர்மேல் உட்கார்ந்து மனசுக்குள் எண்ணியது மாதிரியே. ஃபிஃப்டீன்–லவ்: அப்பாவுக்கு முதல் பாயிண்ட், சாருக்குப் பூஜ்யம். தர்ட்டி. ஃபார்ட்டி. அப்பாவுக்கு ஒரு கேம். அப்பாவுக்கு இரண்டு கேம். யாரும் பார்க்காத ஒரு பலகையில் அவள் மட்டும் எழுதிக்கொண்டிருந்தாள். அப்பா வலது காலை இழுக்கத் தொடங்கியிருந்தார். பட்டைக்கு மேல் முட்டி வீங்குவது பேண்டிலேயே தெரிந்தது.

“இருபது நிமிஷம் போயிடுச்சு,” என்று நத்தானியேல் முணுமுணுத்தான். “இதுலயே காலைத் தீர்த்துடுவாரு போலிருக்கே.”

முன்வரிசையில் லியாகத் அலியின் மனைவி நசீமுன்னிசா உட்கார்ந்திருந்தார். கிளப்புக்கு அவர் வருவது வருஷத்துக்கு ஒரு தடவைதான். முக்காட்டைச் சரிசெய்துகொண்டு நவநீதனிடம் கேட்டார்.

“யாருப்பா ஜெயிக்கிறாங்க?”

“மார்க்கர்கூட ஆடினா ஸ்கோர் கிடையாதும்மா.”

“அப்ப இன்னாத்துக்கு ஆடுறாங்க?”

சுற்றி இருந்தவர்கள் சிரித்தார்கள். கோர்ட்டில் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்த லியாகத் அலிக்கும் அது கேட்டது. அவர் உற்சாகமாகக் கையை உயர்த்தினார்.

“நசீமா, இருபத்தெட்டு வருஷமா ஆடுறோம். ஞானம் ஒருநாள்கூட என்னை ஜெயிச்சதில்ல! கேளு அவனையே! இன்னா தோஸ்த், நெஜம்தானே?”

பெரிய சிரிப்பு, பெரிய கைதட்டல். அவர் அன்போடுதான் சொன்னார். அந்த அன்பில் பொய்யே இல்லை. அவர் உண்மையாகவே நம்பிக்கொண்டிருந்தார். ஞானமுத்து புன்னகை செய்தார்.

“நெஜம்தான் சார்,” என்றார்.

ஃபீபி எழுந்திருக்கப் போனாள். அம்மாவின் விரல்கள் அவள் மணிக்கட்டை இறுக்கிப் பிடித்தன. “சத்தியம் பண்ணியிருக்கே,” என்றாள் அம்மா, உதடு அசையாமல். ஆனால் அம்மாவின் கண்ணும் கோர்ட்டில்தான் இருந்தது.

அப்பா பந்தைத் தட்டினார். ஒரு தடவை, இரண்டு தடவை. சர்வீஸ் போட்டார். வழக்கமான இதமான பந்துதான். லியாகத் அலி கூட்டத்தின் சிரிப்பில் இன்னும் மிதந்துகொண்டிருந்தார். மட்டையைத் தாமதமாகத் திருப்பினார். பந்து வலையின் நடுவில் மோதி, அவர் பக்கமே விழுந்து உருண்டது.

அப்பா வாயைத் திறந்தார்.

“ஃபிஃப்டீன்–லவ்!”

குரல் கணீரென்று புல்வெளி முழுக்கக் கேட்டது. கடைசி எழுத்தை இழுத்துச் சொல்லும், அந்தக் கிளப்பில் முப்பத்து நான்கு வருஷமாகக் கேட்டுப் பழகிய மார்க்கர் குரல். ஆனால் அது அப்பாவின் வாயிலிருந்து வரவில்லை. எல்லோரும் திரும்பித் தன்னைப் பார்த்தபோதுதான், சொன்னது தான் என்று ஃபீபிக்கே தெரிந்தது. மனசுக்குள் எண்ணியது எப்படியோ வெளியே விழுந்துவிட்டது. அவள் வாயைக் கையால் மூடிக்கொண்டாள்.

நவநீதன் எழுந்துவிட்டார். முகம் சிவந்திருந்தது.

“மேடம், இது மேட்ச் இல்ல. இன்னா இது? விருந்தாளிங்க இருக்காங்க.”

“ஸாரி சார். வாய் தவறி...”

“மார்க்கரு ஆடும்போது ஸ்கோர் சொல்ற வழக்கம் இந்தக் கிளப்புல கிடையாது. உங்களுக்குத் தெரியாததா? இங்கேயே வளர்ந்த பொண்ணு.”

அந்தக் கடைசி வார்த்தை எங்கே போய்க் குத்தும் என்று அவருக்குத் தெரிந்துதான் இருந்தது. அம்மா தலையைக் குனிந்துகொண்டாள். ஆறு மாசம் என்று வாயால் சொன்ன வீடு அந்த நிமிஷம் ஆட்டம் கண்டதை ஃபீபி உணர்ந்தாள். சத்தியத்தையும் உடைத்தாகிவிட்டது, வீட்டையும் உடைத்தாகிவிட்டது. அப்பாவை நிமிர்ந்து பார்க்கவே பயமாக இருந்தது.

“விடுங்க நவநீதன்,” என்று லியாகத் அலி வலைக்கு அந்தப் பக்கத்திலிருந்து சொன்னார். அவர் சிரித்துக்கொண்டுதான் இருந்தார். ஆனால் சிரிப்பு கொஞ்சம் கோணியிருந்தது. “புள்ள தெரியாம சொல்லிடுச்சு. ஞானம், நீ ஒன் மோர் போடு.”

எல்லோரும் அப்பாவைப் பார்த்தார்கள். இப்போது அவர் சொல்ல வேண்டியது மூன்று சின்ன வார்த்தைகள். சொல்லிவிட்டால் அந்தப் பந்து ஆடப்படவே இல்லை என்று ஆகிவிடும். மகள் பேசியது பேச்சில்லை என்று ஆகிவிடும். சாயங்காலம் பழையபடி நடக்கும்.

ஞானமுத்து கையிலிருந்த இன்னொரு பந்தைப் பார்த்தார். அதைப் பேண்ட் பையில் போட்டுக்கொண்டார். பிறகு வலையை நோக்கி நடந்தார்.

வலது காலை இழுத்து இழுத்துத்தான் நடந்தார். கோர்ட்டின் பின்கோட்டிலிருந்து வலை வரைக்கும் அது ஒரு நீண்ட தூரமாகத் தெரிந்தது. புல்வெளியில் நாற்காலிச் சத்தம்கூட இல்லை. உறுப்பினர் கூப்பிடாமல் மார்க்கர் வலைக்கு வருவதில்லை. வலையில் கை வைப்பதும் இல்லை. தினமும் காலையில் அதைக் கட்டி, உயரம் அளந்து, சாயங்காலம் அவிழ்க்கிற கை அது; ஆனால் ஆட்டம் முடிந்து வலைமேல் கையூன்றி நிற்பது உறுப்பினர்கள்தான். ஞானமுத்து வலையின் மேல்பட்டையில் இடது கையை வைத்து, முட்டியின் பாரத்தை அதில் இறக்கிக்கொண்டு நின்றார்.

“சார்,” என்றார்.

லியாகத் அலி கிட்டே வந்தார். வியர்வை வழியும் அந்த முகத்தில் உண்மையான கவலை இருந்தது.

“இன்னா ஞானம்? கால் வலிக்குதா?”

“அது இல்ல சார்.”

“அப்புறம்? திங்கக்கிழமை ஆஸ்பத்திரிக்குக் கார் அனுப்பச் சொல்லியிருக்கேனே.”

“ஆமா சார். சொன்னாங்க.”

லியாகத் அலி அவர் தோளில் கை வைத்துக் குரலைக் குறைத்தார். ஆனாலும் அந்த நிசப்தத்தில் எல்லோருக்கும் கேட்டது.

“இன்னான்னு சொல்லு. வீட்ல ஏதாவது ரிப்பேரா?”

ஃபீபி கண்ணை மூடிக்கொண்டாள். பக்கத்தில் அம்மா, “கர்த்தாவே, ஓடு வேணாம்,” என்று முணுமுணுத்தாள். வாசல் மறுபடி திறந்து கிடந்தது. உள்ளே புகுந்து தப்பித்துக்கொள்ள வசதியான, பழகின வாசல். ஆமா சார் என்று சொன்னால் போதும். நாளைக்கே ஆள் வந்துவிடுவான். வீடும் நிற்கும், மானமும் நிற்கும், யாருக்கும் எந்தக் கெடுதலும் இல்லை.

“இல்ல சார்,” என்றார் அப்பா. “வீடு நல்லா இருக்கு.”

அவள் கண்ணைத் திறந்தாள். அப்பா நிமிர்ந்திருந்தார். பச்சைக் காலர் வியர்வையில் நனைந்து கறுத்துப் போயிருந்தது.

“எம்பொண்ணு சொன்னது சரிதான் சார். ஃபிஃப்டீன்–லவ். பந்து நெட்ல வுழுந்துச்சு.” அவர் குரல் முதலில் உடைந்து, பிறகு தெளிந்தது. “திங்கக்கிழமைக்கு அப்புறம் இந்தக் கால் ஓடாது. இன்னும் அரை மணி நிக்கும். இருபத்தெட்டு வருஷமா உங்ககிட்ட ஒண்ணு கேக்கணும்னு வந்து வந்து திரும்பிப் போயிருக்கேன். இப்ப கேக்குறேன். என்கூட ஒரு செட் ஆடுங்க சார். எண்ணி ஆடணும். நீங்க தப்பா அடிச்சா எனக்குப் பாயிண்ட்டு.”